கை மடங்குதாம்

தஞ்சாவூர்ல நீங்க ரயில் ஏறினப்பவே பாத்துட்டேன் சார். அந்தக் கோணிப்பைக்குள்ள இருக்கறது ஸ்டம்புதானே? மேல் பலகையில வைக்கறப்ப மரமும் மரமும் இடிச்சுக்கிட்ட சத்தம் கேட்டுச்சு. அந்தச் சத்தம் போதும் எனக்கு, தூக்கத்துல கேட்டாலும் சொல்லிடுவேன். பேட்டும் இருக்கா? டிரில் மாஸ்டரா நீங்க? பள்ளிக்கூடத்துப் பசங்களுக்கா வாங்கிட்டுப் போறீங்க? நல்லது. அப்ப உங்ககிட்ட சொல்லலாம். மத்தவங்ககிட்ட பேச ஆரம்பிச்சா, விக்கெட்டுன்னா என்ன, ஓவர்னா என்னன்னு விளக்கி முடிக்கறதுக்குள்ள அவங்க எறங்கற ஊர் வந்துடுது.

செவ்வந்திலிங்கம்னு கேள்விப்பட்டிருக்கீங்களா? திருச்சினாப்பள்ளி செவ்வந்திலிங்கம் பிள்ளை? இல்லையா? பரவால்ல. நீங்க சின்ன வயசு. உங்க தகப்பனாருக்கு ஆட்டம் பாக்கற பழக்கம் உண்டுன்னா கேட்டுப் பாருங்க. சீமை ராணி செத்துப்போன வருஷத்துக்கு முந்தி, இந்தத் தென்பக்கத்துல என் அளவுக்கு வேகமாப் பந்து போட ஒருத்தனும் கிடையாது. வெள்ளைக்காரனையும் சேத்துத்தான் சொல்றேன்.

ஆமா, கல்யாண வீட்டுலேருந்துதான் வர்றேன். பட்டு வேட்டியைப் பாத்துக் கேக்கறீங்க. கும்பகோணத்துல என் பொண்ணுக்கு இன்னிக்குக் காலையில கல்யாணம். பேரு பெரியநாயகி. ஒரே பொண்ணு. தாலி கட்டறதை நான் பாக்கல. ஏன் பாக்கலைன்னு கேளுங்க. அதைத்தானே சொல்ல வர்றேன்.

எல்லாத்துக்கும் காரணம் ஒருத்தன். ஐயாறப்பன். என் பெண்சாதிக்கு அண்ணன். எனக்கு மச்சான். இப்ப சம்பந்தியும் ஆயிட்டான், என்னைக் கேக்காமலே.

முதல்ல என் ஆட்டத்தைச் சொல்லிடறேன். அது தெரியாம மத்தது புரியாது.

மிஷன் பள்ளிக்கூடத்துல ஒரு பாதிரியார் இருந்தார். கம்பு மாதிரி ஒல்லியா இருப்பார். அவர்தான் எனக்குப் பந்தைக் கையில குடுத்தது. ஒரு நாள் நான் ஆத்தங்கரையில புளியம்பழம் அடிச்சுக்கிட்டு இருந்தேன். கல்லு எடுத்து எறிஞ்சா குறி தப்பாது எனக்கு. கொத்தா விழும். அவர் நின்னு பாத்துட்டு, "நீ நாளைக்கு மைதானத்துக்கு வா"ன்னார். போனேன். அவர் கையை நேரா வச்சு, தோளுக்கு மேலே சுத்தி, இப்படிப் போடணும்னு காட்டினார். எனக்கு அதெல்லாம் ஒரு நாள்ல வந்துடுச்சு. நாலு பேர் மாசக்கணக்காப் பழகினதை நான் சாயங்காலத்துக்குள்ள போட்டேன். ஆனா அவர் மட்டும் எப்பப் பாத்தாலும், "கை, லிங்கம், கை"ன்னு கத்திக்கிட்டே இருப்பார். அவருக்கு அது ஒரு பழக்கம். சீமைக்குப் போற வரைக்கும் கத்திக்கிட்டுதான் இருந்தார்.

அப்பறம் டவுன் கிளப்புல சேந்தேன். எங்க கேப்டன் நரசிம்மாச்சாரி, வக்கீல். பஞ்சகச்சத்தோட ஆடுவார். பேட்டு பிடிச்சா நாள் பூரா நிப்பார், அவுட்டும் ஆகமாட்டார், ரன்னும் எடுக்கமாட்டார். ஜெயிக்க வைக்கறது யாரு? நான்தான். மதுரையில போய் ஆடியிருக்கேன், கோயமுத்தூர்ல ஆடியிருக்கேன், நாகப்பட்டினத்துல ரயில்வேக்காரங்களோட ஆடியிருக்கேன். போன இடத்துல எல்லாம் என் பேருதான். ஸ்டம்பு எகிறிப் போய் விழுந்தா அதைத் தூக்கிக்கிட்டு வர்றதுக்கே தனியா ஒரு ஆள் வேணும். எனக்குத் தாலுகா கச்சேரியில குமாஸ்தா வேலை கிடைச்சதே இந்தக் கையாலதான். சப்-கலெக்டர் துரைக்கு ஆட்டம்னா உசுரு. எழுத்து அழகா இருக்கான்னு பாக்கல, பந்து போடறதைப் பாத்தார், வேலை குடுத்தார்.

ஐயாறப்பன் அந்தக் காலத்துல எங்க விக்கெட் கீப்பர். என்னைவிட மூத்தவன். என் பந்தைப் பிடிக்க அவன் ஒருத்தனாலதான் முடியும். உள்ளங்கையில பச்சை மாட்டிறைச்சி வச்சுக்கறது வெள்ளைக்காரன் வழக்கம். இவன் சைவம், வாழைப்பட்டையை வச்சுக் கட்டிக்கிட்டு நிப்பான். ஆட்டம் முடிஞ்சு பாத்தா கை வீங்கிப் போயிருக்கும். ஒரு வார்த்தை சொல்ல மாட்டான். "மாப்பிள்ளை, இன்னிக்கு நல்ல வேகம்"னு சொல்லிச் சிரிப்பான். அப்ப நான் அவனுக்கு மாப்பிள்ளை இல்ல. சும்மா அப்படிக் கூப்பிடுவான். கூப்பிட்டுக் கூப்பிட்டுத்தான் தங்கச்சியையே குடுத்தான். அவ பேரு மட்டுவார்குழலி. எங்க மலைக்கோட்டை அம்மன் பேரு.

ஒரு தடவை என் பந்து அவன் கணுக்கால்ல பட்டு எலும்பு நொறுங்கிடுச்சு. அதுக்கப்பறம் குனிஞ்சு எந்திரிக்க முடியாது. அதனால அம்பயரா நிக்க ஆரம்பிச்சான். அந்தக் காலத்துல வழக்கம் உங்களுக்குத் தெரியுமே, ரெண்டு கட்சியும் ஆளுக்கொரு அம்பயர் கொண்டு வரணும். வெள்ளைக்காரங்களுக்கு அவங்க சார்ஜென்ட் நிப்பான். எங்களுக்கு ஐயாறப்பன். நான் எப்பவும் ஐயாறப்பன் நிக்கற பக்கத்துலேருந்துதான் பந்து போடுவேன். நம்ம ஆள் இருக்கற பக்கம்தானே போடணும்? அதுல தப்பு ஒண்ணும் இல்லையே.

சொன்னா நம்பமாட்டீங்க. ஒரு நாள் அவன் வீட்ல சாப்பிட்டுக்கிட்டு இருக்கேன். அவனே பரிமாறறான். மெதுவா, "மாப்பிள்ளை, வேகம் கூட்டறப்ப உங்க கை மடங்குது. முழங்கையில ஒரு வெட்டு வெட்டுது. அப்படிப் போட்டா அது பந்து போடறது இல்ல, எறியறது. பாத்துக்குங்க"ன்னான். எலையை மடிச்சுட்டு எந்திரிச்சுட்டேன். விருந்துக்குக் கூப்பிட்டு வச்சுச் சொல்ற பேச்சா இது?

என் கையைப் பாருங்க சார். நீங்க டிரில் மாஸ்டர், உங்களுக்குக் கை கால் விஷயம் தெரியும். பொறக்கும்போதே இந்த முழங்கை கொஞ்சம் வளைஞ்சுதான் பொறந்தேன். முழுசா நீட்டவே வராது. எங்கம்மா சொல்லுவாங்க. நீட்டிக் காட்டணுமா? இந்தாங்க. இது... இப்ப நேராத்தான் இருக்கு. வயசாச்சில்ல, நேராயிடுச்சு. அப்ப வேற மாதிரி இருந்துச்சு.

சரி, அந்த ஆட்டத்துக்கு வர்றேன்.

வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு கன்டோன்மென்ட் ஆபீசர்களோட எங்களுக்கு ஆட்டம் உண்டு. பட்டாளத்து மைதானம். கயித்துப் பாய் விரிச்சு மேலே ஆடறது. மத்தியானம் அவங்க கூடாரத்துக்குள்ள போயி மேஜை போட்டுச் சாப்பிடுவாங்க. நாங்க வேப்பமரத்தடியில கட்டுச்சோத்தைப் பிரிப்போம். அதுவரைக்கும் ஒரு வருஷம்கூட நாங்க ஜெயிச்சது கிடையாது. அந்த வருஷம் ஜெயிக்கற மாதிரி இருந்துச்சு. மெட்ராஸ்லேருந்து பெரிய வக்கீல் ஒருத்தர் வந்து நாற்காலி போட்டு உக்காந்திருந்தார். நம்ம ஜனங்கள்லேருந்து ஆள் பொறுக்கி, பம்பாய்க்குக் கூட்டிட்டுப் போய் பார்சிக்காரங்களோட ஆட ஒரு கோஷ்டி சேத்துக்கிட்டு இருந்தார். யாரைப் பாக்க வந்தார்? என்னைத்தான். நரசிம்மாச்சாரி காலையிலேயே என் காதுல சொல்லிட்டார். "லிங்கம், இன்னிக்கு நீ போடற போடுல பம்பாய்க்கு டிக்கெட் வாங்கிடணும்டா"ன்னார்.

கடைசி இன்னிங்ஸ் அவங்க ஆடறாங்க. கொஞ்ச ரன்தான் பாக்கி. கொஞ்ச விக்கெட்டும்தான் பாக்கி. அப்ப ஒரு பையன் பேட்டோட வந்தான். லெப்டினென்ட். சீமையிலேருந்து வந்து மாசம்கூட ஆகல, மூக்கு வெயில்ல வெந்து தோலுரிஞ்சு கெடக்குது. மீசை முளைக்காத மூஞ்சி. வந்து நின்னு என்னைப் பாத்துச் சிரிச்சான். ஏன் சிரிச்சான்? கேலிக்குத்தானே சிரிச்சிருப்பான்? ஐயாறப்பன் சொல்லுவான், அந்தப் பையன் பயத்துல சிரிச்சான்னு. இவனுக்குத் தெரியுமாம்.

எனக்குச் சுர்ருன்னு ஏறுச்சு. ஓடி வந்து விட்டேன் பாருங்க ஒரு பந்து. அந்த மாதிரி வேகம் என் ஆயுசுல வந்ததில்ல. பாயில குத்தி எகிறினதுதான் தெரியும். அடுத்த நிமிஷம் பையன் கீழே கெடக்கறான். கண்ணுல பட்டுருச்சு. கண்ணைப் பொத்திக்கிட்டு இருக்கான், விரல் சந்துல ரத்தம் வருது. "மதர், மதர்"னு முனகினான். தூக்கிட்டுப் போனாங்க. அந்தக் கண்ணு அப்பறம் போயிடுச்சுன்னு சொன்னாங்க. என்ன பண்றது? ஆட்டம்னா அடி படத்தான் செய்யும். பேட்டு பிடிக்கத் தெரியாதவன் பட்டாளத்துக்கு எதுக்கு வர்றான்? அவன் தலையெழுத்து.

அடுத்த ஆள் வர்றான். நான் பந்தை வேட்டியில தேய்ச்சுக்கிட்டுத் திரும்பி நடக்கறேன். ஐயாறப்பன் நின்ன எடத்துலேருந்தே, வாயைக்கூட அசைக்காம, "மாப்பிள்ளை, போதும். வேகத்தைக் கொறைங்க. கை மடங்குது"ன்னான்.

"அம்பயர் வேலையைப் பாருங்க மச்சான்"னேன்.

"அதைத்தான் பாக்கப் போறேன். கால்ல விழுந்து கேக்கறேன், வேண்டாம்"னான்.

நான் யாரு? நான் கேப்பேனா? ஓடி வந்தேன். போட்டேன். ஸ்டம்பு பறந்துச்சு சார்! நடு ஸ்டம்பு! ஜனங்க ஓன்னு கத்தறாங்க, நான் ரெண்டு கையையும் தூக்கிக் குதிக்கறேன், அப்பப் பாத்தா பின்னால ஒரு குரல். "நோ பால்."

யாரு? வெள்ளைக்கார சார்ஜென்டா? இல்ல. அவன் அந்தப் பக்கம் சும்மா நிக்கறான். என் மச்சான். என் கட்சி அம்பயர். எங்க ஊர்ப் புள்ளை. சொந்தத் தங்கச்சி புருஷனைப் பாத்து, வெள்ளைக்காரன் எதிர்ல, மெட்ராஸ் வக்கீல் எதிர்ல, நோ பால்ங்கறான்.

திரும்பப் போட்டேன். நோ பால். இன்னும் வேகமாப் போட்டேன். நோ பால். உங்களுக்குத் தெரியுமே, நோ பால் கணக்குல சேராது. ஓவர் முடியாது. நான் போட்டுக்கிட்டே இருக்கேன், அவன் சொல்லிக்கிட்டே இருக்கான். கோயில் மணி மாதிரி விடாம. கண்ணுல தண்ணி நிக்குது, ஆனா நிறுத்த மாட்டேங்கறான். தண்ணி எதுக்கு வரணும்? செய்யறது துரோகம், அதுக்கு அழுகை வேறயா?

நரசிம்மாச்சாரி ஓடி வந்தார். "லிங்கம், கையைக் கீழே வச்சு உருட்டி விட்டுடுடா. ஓவர் முடியட்டும்"னார். பந்தை உருட்டறதா? நான் என்ன கோலிகுண்டா ஆடறேன்? பந்தைத் தரையில அடிச்சுட்டு மைதானத்தை விட்டே வெளியே வந்துட்டேன். மீதி ஓவரைக் காதர் மஸ்தான் போட்டான். புகையிலைக் கடை வச்சிருந்தவன், மெதுவாச் சுழட்டிச் சுழட்டிப் போடுவான், அதெல்லாம் ஒரு பந்தா? அவன்தான் மிச்ச விக்கெட்டை எடுத்தான்னும், நாங்க ஜெயிச்சுட்டோம்னும் ஊர்ல பேசிக்கிட்டாங்க. காதர் மஸ்தானைத் தோள்ல தூக்கிக்கிட்டு பெரிய கடைத்தெரு பூரா சுத்தினாங்களாம். நான் பாக்கல. நான் இல்லாம ஜெயிச்சாங்களாம். சொல்றவன் சொன்னா கேக்கறவனுக்கு மதி வேணாம்? பம்பாய்க்கும் அவனைத்தான் கூட்டிட்டுப் போனாங்க.

இதுல இன்னொண்ணு கேளுங்க. அன்னிக்கு ஆட்டம் முடிஞ்சதும் ஒரு மேஜர் வேப்பமரத்தடிக்கே வந்துட்டானாம். மூஞ்சி செக்கச் செவேல்னு இருந்துச்சாம். பையன் கண்ணு போச்சே. ஐயாறப்பனைப் பாத்து, "அந்தாள் எங்க பட்டாளத்துப் பையன் மேல விட்டது பந்தா, இல்ல வேணும்னு எறிஞ்சானா? நீதானே பக்கத்துல நின்னே. சொல்லு"ன்னு கேட்டானாம். நரசிம்மாச்சாரி தமிழ்ல சொல்ல, இவன் நேரா நிமிந்து நின்னு, "அந்தப் பந்து சரியான பந்து. அதுல தப்பு இருந்தா அப்பவே சொல்லியிருப்பேன். அதுக்கப்பறம் போட்டதுதான் தப்பு. பாருங்க, அதையெல்லாம் சொன்னேனே. என் தங்கச்சி புருஷன்னுகூடப் பாக்கல"ன்னானாம். மேஜர், "சொந்தக்காரனையே விடாத ஆள் நீ. உன் வார்த்தையை நம்பறேன்"னு சொல்லிட்டுப் போயிட்டானாம். என்னை யாரும் ஒண்ணும் கேக்கல. கச்சேரியில வேலைக்கும் பங்கம் வரல.

நான் கேக்கறேன், ஒரே கை. ஒரே ஓவர். முதல் பந்து சரி, அடுத்த பந்து தப்புன்னா அது என்ன நியாயம்? அவன் வாயாலேயே மாட்டிக்கிட்டான் பாருங்க! இதைச் சொன்னா ஊர்ல ஒருத்தனும் பதில் பேச மாட்டான். என்னமோ பாவம் பாக்கற மாதிரிப் பாத்துட்டுப் போயிடுவான்.

அதோட போச்சு என் ஆட்டம். அடுத்த வருஷம் மதுரையில ஆடப் போனேன். அங்க ஒரு அம்பயர், ஐயர், முதல் ஓவர்லேயே நோ பால்னுட்டார். ஒரு நாய் குரைச்சா ஊர் நாயெல்லாம் குரைக்கும்னு சொல்லுவாங்க இல்லையா? நரசிம்மாச்சாரி வீட்டுக்கே வந்து, "வேகத்தைக் கொறைச்சுக்கோடா. மெதுவாப் போட்டா கை நேராத்தான் வர்றது, நானே பாத்திருக்கேன். இன்னும் பத்து வருஷம் ஆடலாம்"னார். கொறைச்சுக்கணுமாம். புலியைப் புல்லைத் தின்னுன்னு சொல்றார். போங்க சாமின்னு சொல்லிட்டேன். அதோட ஒருத்தரும் கூப்பிடல. நன்றி கெட்ட உலகம் சார்.

ஐயாறப்பன் அந்த ஆட்டத்தோட அம்பயரா நிக்கறதையும் விட்டுட்டான். மெட்ராஸ்லேருந்துகூடக் கூப்பிட்டாங்களாம், யோக்கியமான அம்பயர்னு. போகமாட்டேன்னுட்டானாம். "நான் யோக்கியன் இல்ல, நிக்கற தகுதி எனக்கில்ல"ன்னானாம். கேட்டீங்களா? அவனே ஒத்துக்கிட்டான்! குத்தமுள்ள நெஞ்சு குறுகுறுக்கத்தானே செய்யும்? எனக்குப் பண்ணின துரோகம் அவனை உறுத்தியிருக்கு. வேற என்னவா இருக்கும்?

அப்பறம் கும்பகோணத்துப் பக்கமாப் போயி ஒரு மண்டிக்கடையில கணக்கெழுத உக்காந்தான்.

அன்னிலேருந்து அவன் வீட்டு வாசப்படி மிதிக்கக் கூடாதுன்னு குழலிகிட்டச் சொல்லிட்டேன். அவ ஒரு வார்த்தை பேசல. நல்ல பொம்பளை, அதை நான் சொல்லியே ஆகணும். அவ அம்மாவுக்கு முடியலைன்னு ஆள் வந்தப்பகூட, போகணும்னு என்கிட்டக் கேக்கல. கதவோரமா நின்னா. அவ்வளவுதான். நானும் கல்நெஞ்சக்காரன் இல்ல சார். அந்தம்மா செத்தப்பறம் கருமாதிக்கு நானே வண்டி வச்சு அனுப்பினேன். அன்னிக்கே திரும்பிடணும்னு சொன்னேன், அன்னிக்கே திரும்பிட்டா.

ஒரே ஒரு தடவை வாயைத் திறந்தா. நான் சாப்பிடறப்ப, வழக்கம்போல அவ அண்ணனைப் பத்திச் சொல்லிக்கிட்டு இருந்தேன். திடீர்னு, "முதல் பந்து சரின்னு அண்ணன் மேஜர்கிட்டச் சொன்னாரே, அது உங்களைக் காப்பாத்தச் சொன்ன பொய். இல்லாட்டி உங்களை ஜெயில்ல போட்டிருப்பாங்க. எங்க அண்ணன் ஆயுசுல சொன்ன பொய் அது ஒண்ணுதான்"னா. எனக்கு வந்துச்சே கோவம். பொய் சொல்லிக் காப்பாத்தற அளவுக்கு நான் என்ன தப்பு பண்ணேன்? பொய்யாம், காப்பாத்தினானாம். எப்படிக் கதை கட்டறாங்க பாருங்க அண்ணனும் தங்கச்சியும். அன்னிக்குக் கொஞ்சம் சத்தம் போட்டேன். அதுக்கப்பறம் அவ அந்தப் பேச்சை எடுக்கல.

இப்ப பொண்ணுக்கு வயசு வந்துச்சு. ஐயாறப்பனுக்கு ஒரு பையன், சபாபதி. பள்ளிக்கூட வாத்தியார். முறைப்படி அவனுக்குத்தான் குடுக்கணும்னு குழலி ஆரம்பிச்சா. முடியாதுன்னேன். என் பொணம் விழுந்தாலும் அந்த வீட்ல என் பொண்ணு விளக்கேத்த மாட்டான்னேன். சரின்னு உள்ளே போனா. மறுநாள் கச்சேரியிலேருந்து வந்து பாத்தா வீட்ல யாரும் இல்ல. பொண்ணைக் கூட்டிக்கிட்டு கும்பகோணம் போயிட்டா. நான் போகல. தானா வருவான்னு விட்டுட்டேன். தை பொறந்து போச்சு, பங்குனியும் போச்சு. அப்பறம் என் கூடப்பிறந்த தம்பி துரைசாமி வந்து சொல்றான், வைகாசியில முகூர்த்தமாம், நீதான் வந்து பொண்ணைத் தாரை வாக்கணுமாம்.

நான் போனேன். கல்யாணத்தை நிறுத்தத்தான் போனேன். பொய் சொல்ல மாட்டேன் உங்ககிட்ட. பந்தல்ல எல்லாரும் எந்திரிச்சுட்டாங்க. நாயனக்காரன் வாயிலேருந்து நாயனத்தை எடுத்துட்டான். ஐயாறப்பன் காலை இழுத்துக்கிட்டு வாசலுக்கு வந்தான். தலை பூரா நரைச்சுப் போச்சு. "வாங்க மாப்பிள்ளை. மணையில வந்து உக்காருங்க. நீங்க இல்லாம ஒண்ணும் நடக்காது"ன்னான்.

அவன் குரலைக் கேட்டதும் எனக்கு என்னமோ மாதிரி ஆயிடுச்சு. நிறுத்தணும்னு போனவன், மனசு எளகிட்டேன். அதான் என் குணம். சரி, ஒரு வாய்ப்புக் குடுப்போம்னு, "மச்சான், நான் உக்காந்து தாரை வாத்துக் குடுக்கறேன். ஒரே ஒரு காரியம் நீங்க பண்ணணும். இந்தச் சபையில எல்லார் எதிர்லயும் சொல்லுங்க. செவ்வந்திலிங்கத்தோட கை மடங்கல, நான் சொன்னதுதான் தப்புன்னு. ஒரு வார்த்தை. சொல்லிட்டா இத்தனை வருஷத்துப் பகையையும் இப்பவே விட்டுடறேன்"னேன்.

இதைவிட ஒரு மனுஷன் எப்படி எறங்கி வர முடியும்? நீங்களே சொல்லுங்க.

அவன் என்னைப் பாக்கறான், பொண்ணைப் பாக்கறான். பொண்ணு மணையில உக்காந்து அழுதுக்கிட்டு இருக்கா. சபாபதி தலையைக் குனிஞ்சுக்கிட்டான். ஐயாறப்பன் அப்படியே என் கால்ல விழுந்துட்டான் சார். வயசுல மூத்தவன். பெண்சாதிக்கு அண்ணன். நொண்டிக் காலை மடக்க முடியாம, ஒரு பக்கமாச் சரிஞ்சு விழுந்தான். பந்தல்ல யாரோ "ஐயோ"ன்னாங்க.

"மாப்பிள்ளை, இந்த வீட்டைக் கேளுங்க, எழுதித் தர்றேன். ஊரை விட்டுப் போகச் சொல்லுங்க, போறேன். அதை மட்டும் கேக்காதீங்க. ஏற்கெனவே ஒரு தடவை சொல்லிட்டேன். அந்தப் பையன் கண்ணைப் பொத்திக்கிட்டு இன்னும் என் எதிர்ல வந்து நிக்கறான். இன்னொரு தடவை சொல்ல எனக்கு நாக்கு வராது"ன்னான்.

எந்தப் பையன், என்ன கண்ணு, எனக்கு ஒண்ணும் புரியல. கல்யாண வீட்ல எதைப் பேசறதுன்னு ஒரு வரைமுறை வேணாமா? கால்ல விழுந்தான், ஆனா சொல்லலை. பிடிவாதத்தைப் பாத்தீங்களா? நானும் நின்னேன், பாறை மாதிரி. சொல்லுன்னேன்.

அப்ப உள்ளேருந்து குழலி வந்தா. பட்டுச் சேலை, தலை நெறையப் பூ. அத்தனை ஆம்பளைங்க நடுவுல வந்து முதல்ல அண்ணனைத் தூக்கி நிறுத்தினா. அப்பறம் என்னைப் பாத்தா. கல்யாணம் ஆன நாள்லேருந்து அவ என்னை அப்படி நேராப் பாத்ததே இல்ல. சத்தம்கூடப் போடல.

"அவர் சொல்ல வேணாம். நான் சொல்றேன். உங்க கை மடங்கும். அன்னிக்கு அவர் பக்கத்துல நின்னு பாத்தார். நான் எதிர்ல நின்னு பாத்தவ. இத்தனை வருஷமா சொம்பும் தாம்பாளமும் என்மேல வர்றப்ப, அந்தக் கை எங்க மடங்கி எங்க விரியுதுன்னு எனக்குத் தெரியாதா?"ன்னா.

கேட்டீங்களா சார்? கூடப்பிறந்த பாசம் எப்படிப் பேச வைக்குது பாத்தீங்களா? சொம்பு வேற, பந்து வேற. சொம்பை யாராவது கையைச் சுத்தியா போடுவாங்க? அது கோவத்துல போறது. எந்த வீட்ல இல்ல? ஆட்டத்தைப் பத்தி ஒரு எழவும் தெரியாத பொம்பளை, அத்தனை பேர் மத்தியில வந்து தீர்ப்பு சொல்றா. அதையும் ஒருத்தன், ஒரே ஒருத்தன் எதிர்த்துக் கேக்கல. என் தம்பிகூடத் தரையைப் பாத்துக்கிட்டு நிக்கறான். பொண்ணு அழுகையை நிறுத்திட்டா.

அவளே மெதுவா, "துரைசாமி, நீயும் உன் வீட்டுக்காரியும் மணையில உக்காருங்க"ன்னா. என் தம்பி என்னை ஏறெடுத்துக்கூடப் பாக்கல. போயி உக்காந்துட்டான். நான் துண்டை உதறித் தோள்ல போட்டுக்கிட்டு வெளியே வந்துட்டேன்.

தெருமுனை திரும்பறதுக்குள்ள கெட்டிமேளம் கேட்டுச்சு. நின்னேன். நிக்காம என்ன பண்றது, என் பொண்ணு ஆச்சே. அப்ப பின்னால யாரோ வேகமா வர்ற சத்தம். திரும்பிப் பாத்தா குழலி. அட்சதை தலையில ஒட்டிக்கிட்டு இருக்கு, அப்படியே ஓடி வந்திருக்கா. நான் மனசுக்குள்ள, சரி, மன்னிப்புக் கேக்க வர்றா, கேட்டா மன்னிச்சுடணும்னு நினைச்சுக்கிட்டேன்.

அவ கிட்ட வந்தா. இடுப்புல செருகியிருந்த சாவிக்கொத்தை எடுத்தா. அரிசி அறைச் சாவி, இரும்புப் பெட்டி சாவி, பூஜை அலமாரி சாவி எல்லாம் இருந்துச்சு. என் கையைப் பிடிச்சு உள்ளங்கையில வச்சு, விரலை மடக்கி விட்டா. "உடம்பைப் பாத்துக்குங்க"ன்னு சொல்லிட்டுத் திரும்பிப் போயிட்டா.

இந்தாங்க பாருங்க, மடியிலதான் வச்சிருக்கேன். கிளம்பின அவசரத்துல மறந்து எடுத்துட்டுப் போயிருக்கா பாவம், இத்தனை மாசம் நான் அரிசி அறைப் பூட்டைத் திறக்க முடியாம ஹோட்டல்ல தின்னேன். எனக்குக் கஷ்டமா இருக்குமேன்னு ஞாபகமா ஓடி வந்து குடுத்திருக்கா. எவ்வளவு கோவம் இருந்தாலும் வீட்டுப் பொறுப்பு மட்டும் அவளுக்கு மறக்காது. அதைத்தான் சொன்னேன், நல்ல பொம்பளைன்னு.

மறுவீடு, விருந்து எல்லாம் முடிய ஆடி பொறந்துடும். முடிஞ்சதும் வந்துடுவா. வந்ததும் முதல்ல இந்தச் சாவியைத்தான் கேப்பா. நான் உடனே குடுக்க மாட்டேன் சார். சபையில சொன்னது தப்புன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும், அப்பறம்தான் குடுப்பேன்.